வீட்டு விசேஷ டிவிடிய எம்பி4-ஆ மாத்துறது எப்படி: ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும்

நம்ம மதுரை பக்கம் ஒரு பதினஞ்சு இருவது வருசத்துக்கு முந்தி நடந்த எந்த விசேஷத்த எடுத்துக்கிட்டாலும், கல்யாணமோ சடங்கோ காதுகுத்தோ, வீடியோக்காரர் கடைசியா கைல குடுத்தது போட்டோ அச்சடிச்ச கவர்ல ரெண்டு மூணு டிவிடி தான். அது இப்ப பீரோவுல பட்டுச்சேலைக்கு அடில கெடக்கும், இல்லன்னா பரண்ல ஏதாவது அட்டைப்பெட்டில இருக்கும். அதுல என்னென்ன இருக்குன்னு நெனச்சு பாருங்க. மேளத்தோட தாய்மாமன் சீர் தெருவுல வர்றது, மைக்குல மொய் வாசிக்கிறது, பந்தில உக்காந்திருக்கவங்க மொகத்த ஒவ்வொண்ணா கேமரா காட்டிக்கிட்டே போறது. அதுல பாதிப்பேரு இன்னைக்கு இல்ல. அவங்க போட்டோ சுவத்துல மாட்டியிருக்கும், ஆனா அவங்க நடக்குறதும் பேசுறதும் சிரிக்கிறதும் அந்த டிஸ்க்ல மட்டும் தான் இருக்கு.

அந்த டிஸ்க் ரொம்ப நாள் தாங்காது, அத மொதல்ல புரிஞ்சுக்கணும். கடைல வாங்குற படத்து டிவிடில தகவல் அச்சுல அழுத்தி வெச்சிருக்கும், ஆனா ஸ்டுடியோவுல ரைட் பண்ணிக் குடுத்த டிவிடில ஒரு சாயம் மாதிரியான படலம் இருக்கு, லேசர் அதை சுட்டு சுட்டுத்தான் எழுதும். அந்த சாயத்துக்கு வெயில், சூடு, ஈரம் மூணுமே ஆகாது. மதுரைல கத்திரி வெயில்ல மொட்டை மாடிக்கு நேர் கீழ இருக்குற பரண் என்ன சூட்டுல இருக்கும்னு சொல்லவே வேணாம். அதோட டிவிடிங்கறது 0.6 மில்லிமீட்டர் தடிமன்ல ரெண்டு பிளாஸ்டிக் தட்ட ஒட்டி வெச்சது, நடுவுல தான் தகவல் இருக்கு, ஒட்டுனது ஓரத்துல விட்டுச்சுன்னா காத்து உள்ள போயி கெட ஆரம்பிச்சிரும். மேல பேப்பர் ஸ்டிக்கர் ஒட்டுன டிஸ்க்கா இருந்தா சூட்டுல வளைஞ்சும் போயிரும்.

அதனால இந்த வேலைல வரிசை ரொம்ப முக்கியம். எல்லாரும் நேரா எந்த கன்வர்ட்டர் நல்லதுன்னு கேக்குறாங்க. அது ரெண்டாவது. மொதல்ல டிஸ்க்ல இருக்கறத துளி மாறாம அப்படியே கம்ப்யூட்டருக்கு எடுத்துரணும், அப்புறம் எந்த ஃபார்மேட்டுக்கு வேணும்னாலும் எத்தன தடவ வேணும்னாலும் நிதானமா மாத்திக்கலாம்.

என்ன வேணும்

டிவிடி டிரைவ் ஒண்ணு. இப்ப வர்ற லேப்டாப் பெரும்பாலானதுல கெடையாது, யுஎஸ்பில மாட்டுற டிரைவ் டவுன்ஹால் ரோடு பக்கம் கேட்டா கெடைக்கும், ஆன்லைன்லயும் இருக்கு. வீட்ல பழைய டெஸ்க்டாப் இல்லைன்னா அரசு குடுத்த பழைய லேப்டாப் ஏதாச்சும் கெடந்தா அதுல டிரைவ் இருக்கான்னும் பாருங்க, ஏன்னா ஒரு டிரைவ்ல ஓடாத டிஸ்க் இன்னொரு டிரைவ்ல ஓடும், இது அடிக்கடி நடக்குற விசயம். யுஎஸ்பி டிரைவ கம்ப்யூட்டர்லயே நேரா மாட்டுங்க, ஹப் வழியா மாட்டுனா கரண்ட் பத்தாம நடுவுல நின்னு நின்னு போகும்.

அப்புறம் ஒரு ஹார்ட் டிஸ்க். ஒரு சாதா டிவிடி 4.7 ஜிபி, ரெண்டு லேயர் டிவிடின்னா 8.5 ஜிபி. 1 டிபி ஹார்ட் டிஸ்க்ல இருநூறு சாதா டிஸ்க் முழுசா அடங்கும், ஒரு குடும்பத்துக்கு இது தாராளம். ஆனா ஒண்ணு கவனிங்க, ஹார்ட் டிஸ்க்கோ பென்டிரைவோ ஃபேட்32 ஃபார்மேட்ல இருந்தா 4 ஜிபிக்கு மேல இருக்குற ஒரு ஃபைல் அதுல ஏறாது, எடம் காலியா இருந்தாலும் ஃபைல் ரொம்ப பெருசுன்னு எரர் காட்டும். என்டிஎஃப்எஸ் இல்லைன்னா எக்ஸ்ஃபேட்டா ஃபார்மேட் பண்ணி வெச்சுக்கோங்க, பண்றதுக்கு முந்தி உள்ள ஏதும் இருந்தா எடுத்துட்டு பண்ணுங்க.

டிஸ்க்க தொடைக்கிறது

எழுத்து இல்லாத பக்கம் வெளிச்சத்துல சாச்சுப் பாருங்க. தூசி, கைரேகை இருந்தா கண்ணாடி தொடைக்கிற மெல்லிசு துணிய வெச்சு நடுவுல இருந்து ஓரத்துக்கு நேர் கோட்டுல தொடைங்க. வட்டமா சுத்தி சுத்தி தொடைக்கவே கூடாது, ஏன்னா தகவல் வட்டமா தான் எழுதியிருக்கு, அதே திசைல கீறல் விழுந்தா தொடர்ச்சியா நெறைய போயிரும், குறுக்க விழுந்த கீறல டிரைவ் தானே சரி பண்ணிக்கும். பூஞ்சை மாதிரி படிஞ்சிருந்தா லேசா தண்ணி தொட்டு தொடைச்சு நல்லா காய விடுங்க. பேஸ்ட் போட்டு தேய்க்கிறது, வேட்டில தேய்க்கிறது எல்லாம் வேணாம்.

ஹேண்டிகேம்ல நேரா பதிஞ்ச சின்ன டிஸ்க், 8 சென்டிமீட்டர்ல 1.4 ஜிபி புடிக்கிறது, அது இருந்தா தட்டு வெளிய வர்ற டிரைவ்ல மட்டும் போடுங்க, நடுவுல இருக்குற சின்ன குழில வெக்கணும். வாய்க்குள்ள இழுத்துக்கிற மாதிரி டிரைவ்ல போட்டா உள்ளயே மாட்டிக்கும். அந்த சின்ன டிஸ்க்ல இன்னொரு விசயம், பதிஞ்சு முடிச்சு ஃபைனலைஸ் பண்ணாம, அதாவது மத்த கருவியும் படிக்கிற மாதிரி டிஸ்க்க மூடி முடிக்காம விட்டிருந்தா கம்ப்யூட்டர் அதை காலி டிஸ்க்குன்னு நெனச்சு ஃபார்மேட் பண்ணவான்னு கேக்கும். கேன்சல் குடுங்க, கண்டிப்பா கேன்சல். அந்த பழைய கேமரா இன்னும் ஓடுதுன்னா அதுல டிஸ்க்க போட்டு மெனுவுல ஃபைனலைஸ் குடுத்தா போதும். கேமரா போயிருச்சுன்னா ஐசோபஸ்டர்னு ஒரு சாஃப்ட்வேர் இருக்கு, ஃபைனலைஸ் ஆகாத டிஸ்க்கையும் அது படிக்கப் பாக்கும்.

ஐஎஸ்ஓ எடுக்குறது, இது தான் அசல்

டிஸ்க்க போட்டு உள்ள பாத்தா வீடியோ_டிஎஸ்னு ஒரு ஃபோல்டர் இருக்கும். அதுக்குள்ள விஓபி ஃபைலுங்க, ஐஎஃப்ஓ ஃபைலுங்க, பியுபி ஃபைலுங்க. படமும் சத்தமும் விஓபில இருக்கு, எது எங்க ஆரம்பிக்குது, எவ்வளவு நீளம்ங்கற கணக்கு ஐஎஃப்ஓவுல இருக்கு, பியுபி அந்த ஐஎஃப்ஓவோட இன்னொரு காப்பி. விஓபி ஒவ்வொண்ணும் 1 ஜிபிக்கு மேல போகாது, அதனால ஒரே கல்யாணம் நாலஞ்சு துண்டா கெடக்கும். நெறைய பேரு பெருசா இருக்குற விஓபிய மட்டும் காப்பி பண்ணி பேரை மாத்தி வெச்சிருவாய்ங்க, அப்புறம் போட்டா நேரம் தப்பா காட்டும், ஓட்டி பாக்க முடியாது, துண்டுக்கு துண்டு சத்தம் வெட்டும். முழு டிஸ்க்கையும் ஒரே ஐஎஸ்ஓ ஃபைலா, அதாவது டிஸ்க்கோட அச்சு அசல் நகலா எடுத்துட்டா இந்த தொந்தரவே இல்ல.

விண்டோஸ்ல இம்ஜ்பர்ன் பழைய சாஃப்ட்வேர் தான், ஆனா இந்த வேலைக்கு நல்லா போதும். டிஸ்க்ல இருந்து இமேஜ் ஃபைல் உண்டாக்குறதுன்னு ஒரு பட்டன் இருக்கும், அதை அமுக்கி எந்த டிரைவ், எங்க சேவ் பண்ணனும்னு குடுத்தா வேலை முடிஞ்சுது. படிக்கிற ஸ்பீட கொறைச்சு வெச்சுக்கோங்க, பழைய டிஸ்க் வேகமா சுத்துனா தடுமாறும். நல்லா இருக்குற டிஸ்க் கால் மணி அரை மணி நேரத்துல முடிஞ்சிரும்.

முடிஞ்சதும் விஎல்சிங்கற வீடியோ பிளேயர்ல அந்த ஐஎஸ்ஓவ திறங்க, டிஸ்க்க போட்ட மாதிரியே மெனுவோட ஓடும். ஆரம்பம், நடு, கடைசின்னு ஓட்டி பாருங்க. கடைசி ரொம்ப முக்கியம், டிவிடில எழுத்து நடுவுல ஆரம்பிச்சு ஓரத்துக்கு போகும், கை படுறதும் ஒட்டு விடுறதும் ஓரத்துல தான், அதனால பொண்ணு வீட்டுக்கு கெளம்புற சீன் மாதிரி கடைசில வர்றது தான் மொதல்ல போகும்.

டிஸ்க் படிக்கலைன்னா

நடுவுல எரர் வந்துச்சுன்னா பதறாதீங்க, அதே நேரம் திரும்ப திரும்ப போட்டு டிரைவ கத்த விடவும் வேணாம். மொதல்ல டிரைவ மாத்திப் பாருங்க. அதுக்கும் ஆகலைன்னா லினக்ஸ்ல டிடிரெஸ்க்யூன்னு ஒண்ணு இருக்கு, காசு கெடையாது, உபுண்டுவ ஒரு பென்டிரைவ்ல போட்டு அதுல இருந்தே கம்ப்யூட்டர ஸ்டார்ட் பண்ணி ஓட்டலாம். இது மொதல்ல நல்லா படிக்கிற எடத்த எல்லாம் எடுத்துரும், கெட்ட எடத்த தாண்டிப் போயிரும், அப்புறம் திரும்ப வந்து அந்த கெட்ட எடத்த மட்டும் கொஞ்சம் கொஞ்சமா முயற்சி பண்ணும். எது வரைக்கும் ஆச்சுங்கறத ஒரு மேப் ஃபைல்ல எழுதி வெச்சுக்கும், அதனால நடுவுல கரண்ட் போனாலும் விட்ட எடத்துல இருந்து தொடரலாம். டிவிடிக்கு செக்டர் சைஸ் 2048ன்னு குடுக்கணும், அத மறக்காதீங்க. ரொம்ப அடிபட்ட டிஸ்க்னா ராத்திரி முழுக்க ஓடும், ஓடட்டும்.

இதுல பலருக்கு தெரியாத ஒரு வழி இருக்கு. ஸ்டுடியோக்காரங்க ஒரே கல்யாணத்துக்கு மாப்பிள்ளை வீட்டுக்கு ஒரு செட்டு, பொண்ணு வீட்டுக்கு ஒரு செட்டுன்னு தான் குடுத்திருப்பாங்க. உங்க டிஸ்க்ல நடுவுல கெட்டுப் போயிருக்கும், சம்பந்தி வீட்டு டிஸ்க்ல வேற எடத்துல கெட்டிருக்கும். ரெண்டும் ஒரே மாஸ்டர்ல இருந்து ரைட் பண்ணதா இருந்தா, மொத டிஸ்க்க எடுத்த அதே ஐஎஸ்ஓவையும் மேப் ஃபைலையும் குடுத்து ரெண்டாவது டிஸ்க்க போட்டு டிடிரெஸ்க்யூவ ஓட்டுங்க, இல்லாத எடத்த மட்டும் அதுல இருந்து எடுத்து நிரப்பிக்கும். அதனால டிஸ்க் போச்சேன்னு உக்காராம உசிலம்பட்டி, மேலூர், திருமங்கலம்னு எந்த ஊர்ல சம்பந்தி இருந்தாலும் போன் போட்டு கேட்டுருங்க, அப்படியே அத்தை, சித்தப்பா வீட்டுக்கும் கேளுங்க.

இப்ப எம்பி4-ஆ மாத்தலாம்

ஹேண்ட்பிரேக்ங்கற சாஃப்ட்வேர் போதும். காசு இல்ல, விண்டோஸ், மேக், லினக்ஸ் எல்லாத்துலயும் ஓடும், வாட்டர்மார்க் போடாது. ஓப்பன் சோர்ஸ் குடுத்து அந்த ஐஎஸ்ஓவ காட்டுங்க. அதுவே ஐஎஃப்ஓவ படிச்சு துண்டையெல்லாம் சேத்து டைட்டில் டைட்டிலா காட்டும். ரொம்ப நீளமா இருக்குறது முழு விசேஷம், ஆனா மத்ததையும் பாத்துருங்க, அவுட்டோர்ல எடுத்த பாட்டு, ரிசப்ஷன்னு தனித்தனி டைட்டிலா போட்டிருப்பாங்க. வீட்டு டிஸ்க்ல காப்பி புரொடெக்‌ஷன் எதுவும் இருக்காது, அதனால உடைக்கிற வேலையெல்லாம் கெடையாது.

பிரீசெட்ல, அதாவது ரெடிமேட் செட்டிங்ஸ்ல, ஹெச்க்யூ 576பி25ன்னு ஒண்ணு இருக்கும், நம்ம ஊரு டிவிடி எல்லாம் பால் (PAL) அப்படிங்கற டிவி முறைல 720க்கு 576 சைஸ்ல செகண்டுக்கு 25 ஃபிரேம், அதனால அங்க இருந்து ஆரம்பிங்க. இனிமே வர்றது ஒவ்வொண்ணும் நிதானமா பாக்கணும், பெரும்பாலும் இங்க தான் வீடியோ கெட்டுப் போகுது.

மொத விசயம் இன்டர்லேஸ். பழைய கேமரா ஒரு ஃபிரேம முழுசா எடுக்காது. ஒத்தை வரிய ஒரு நேரம், ரெட்டை வரிய அடுத்த நேரம்னு பாதி பாதியா செகண்டுக்கு 50 பாதி எடுக்கும். பழைய டப்பா டிவில இது அழகா ஓடுச்சு, ஆனா கம்ப்யூட்டர்லயும் போன்லயும் பாத்தா யாராச்சும் கைய வீசுனா, மாலை மாத்துனா, கரகாட்டம் சுத்துனா ஓரத்துல சீப்பு பல்லு மாதிரி கோடு கோடா தெரியும். இதை சரி பண்ணாம எம்பி4 ஆக்குனா அந்தக் கோடு நெரந்தரமா பதிஞ்சிரும். ஃபில்டர்ஸ்ல போயி டிஇன்டர்லேஸ யாடிஃப்னு வெச்சு, அதுக்குள்ள பாப்ங்கறத எடுங்க, இன்டர்லேஸ் டிடெக்‌ஷன ஆஃப் பண்ணிருங்க. அப்புறம் வீடியோ பகுதில ஃபிரேம் ரேட் 50, கான்ஸ்டன்ட்னு குடுங்க. பாப் ஒவ்வொரு பாதியையும் ஒரு முழு ஃபிரேமா ஆக்கும், அதனால டிவில பாத்த அதே வழுவழுப்பு கெடைக்கும். சாதா டிஇன்டர்லேஸ் போட்டா 25 ஃபிரேம் தான் வரும், அசைவுல பாதி போயிரும். ஆட்டம், ஊர்வலம், ஜல்லிக்கட்டு இருக்குற வீடியோவுக்கு நான் கண்டிப்பா பாப் தான் சொல்லுவேன்.

ரெண்டாவது நீள அகலம். 720க்கு 576ங்கறது அப்படியே பாக்குற அளவு இல்ல, அந்த புள்ளி சதுரமா இருக்காது. பழைய சதுர டிவிக்கு எடுத்ததா இருந்தா 4:3, அதாவது 768க்கு 576. அகல டிவிக்கு எடுத்ததா இருந்தா 16:9, அதாவது 1024க்கு 576. டைமென்ஷன்ஸ்ல அனமார்ஃபிக்குங்கறத நன் (None) அப்படின்னு வெச்சுட்டு இந்த அளவ குடுத்துட்டா எந்த போன்லயும் வாட்ஸ்அப்லயும் சரியா தெரியும். தயவு செஞ்சு 4:3 வீடியோவ அகல டிவிய நிரப்பணும்னு இழுக்காதீங்க, ரெண்டு பக்கம் கருப்பா இருந்தா இருந்துட்டுப் போகட்டும், ஒல்லியா இருந்த அப்பத்தாவ குண்டா ஆக்கி பேரப்புள்ளைங்களுக்கு காட்டவேணாம். ஓரத்த வெட்டுற கிராப்பையும் நன் (None) அப்படின்னு வெச்சுருங்க. பழைய கேசட்டுல இருந்து டிவிடிக்கு ஏத்துன வீடியோவா இருந்தா அடில ஒரு கோடு நெளிஞ்சுக்கிட்டே இருக்கும், அதுக்கு மட்டும் கீழ பத்து பன்னெண்டு புள்ளி வெட்டிக்கலாம்.

மூணாவது கோடெக், அதாவது வீடியோவ சுருக்குற முறை. ஹெச்.265, ஏவி1னு புதுசு புதுசா இருக்கு, எடம் கொறையும், உண்மை தான், ஆனா இந்த சின்ன சைஸ் வீடியோவுல மிச்சமாகுற எடத்துக்காக ஊர்ல பெரியப்பா வீட்டு பழைய டிவில ஓடாம போறது நஷ்டம். ஹெச்.264 எல்லாத்துலயும் ஓடும், அதையே எடுங்க. குவாலிட்டில ஆர்எஃப் 18ல இருந்து 20க்குள்ள வைங்க, நம்பர் கொறைய கொறைய குவாலிட்டி கூடும், சைஸும் கூடும். ஸ்பீட ஸ்லோன்னு வைங்க, நேரம் எடுக்கும் ஆனா அதே சைஸுல படம் நல்லா இருக்கும். மூணு மணி நேரத்த ஒரே டிஸ்க்ல அமுக்கி குடுத்த வீடியோ ஏற்கனவே கட்டம் கட்டமா தான் இருக்கும், நம்ம செட்டிங்ஸ் அதை சரி பண்ணாது, மேலும் கெடுக்காம இருக்கணும், அவ்வளவு தான்.

சத்தத்துக்கு ஏஏசி முறைல 160 இல்ல 192 கேபிபிஎஸ் போதும். மொய் வாசிக்கிற சத்தம் ரொம்ப கம்மியா இருந்தா ஆடியோவுல கெயின்னு இருக்கும், கொஞ்சமா ஏத்துங்க, ரொம்ப ஏத்துனா மேளம் வரும்போது கிழியும்.

எல்லாத்தையும் வெச்சுட்டு உடனே முழுசா ஓட்டாதீங்க. ரேஞ்ச்ல செகண்ட்ஸ்னு மாத்தி, நல்லா ஆளுங்க அசையிற ஒரு எடத்துல ரெண்டு நிமிசம் மட்டும் எடுத்து போன்லயும் டிவிலயும் போட்டு பாருங்க. கோடு இல்ல, மூஞ்சி சரியா இருக்கு, வாயும் சத்தமும் சேருதுன்னா அதையே பிரீசெட்டா சேவ் பண்ணிட்டு மத்த டிஸ்க்க எல்லாம் க்யூல போட்டு ராத்திரி ஓட விட்ருங்க. வெயில் காலத்துல லேப்டாப்ப மெத்தைல வெச்சு ஓட்டாதீங்க, சூடேறி நின்னுரும், தரைல இல்லன்னா மேசைல ஃபேனுக்கு கீழ வைங்க.

ஏஐல 4கே ஆக்குறேன்னு நெறைய சாஃப்ட்வேர் இப்ப வருது. எனக்கு இதுல உடன்பாடே இல்ல. இல்லாத விவரத்த அது தானா கற்பனை பண்ணி வரையும், கூட்டத்துல தூரத்துல நிக்கிற தாத்தா மொகம் வேற யாரோ மொகமா மாறிரும். மங்கலா இருந்தாலும் அது அவரு மொகம். யாராச்சும் ஆசைப்பட்டா தனியா ஒரு காப்பி பண்ணிக்கட்டும், ஐஎஸ்ஓவயும் இந்த எம்பி4-ஐயும் தொடக்கூடாது.

விசிடி இருந்தா

2000-ங்கள் ஆரம்பத்துல நடந்த விசேஷம்னா டிவிடி இல்லாம விசிடியா இருக்கும். உள்ள எம்பெக்ஏவின்னு ஃபோல்டர், அதுல டாட் (DAT) ஃபைல். இதை ஐஎஸ்ஓவா எடுக்கக் கூடாது, விசிடி எழுதியிருக்குற முறை வேற, பின், க்யூன்னு ரெண்டு ஃபைலா எடுக்கணும். இம்ஜ்பர்ன் அந்த டிஸ்க்க போட்டா தானாவே அப்படி எடுக்கும். படம் 352க்கு 288 தான், இன்டர்லேஸ் கெடையாது, அதனால டிஇன்டர்லேஸ் எதுவும் போடாதீங்க. மத்தபடி அதே ஹேண்ட்பிரேக், டாட் ஃபைல நேரா திறக்கலாம்.

பேரு வெக்கிறது

தேதிய முன்னாடி போடுங்க, 2006-05-21, அப்புறம் விசேஷம், ஊரு, பாகம் 1, பாகம் 2. இப்படி வெச்சா ஃபோல்டர்ல தானா வரிசைல நிக்கும். தேதி தெரியலைன்னா பத்திரிகைய தேடுங்க, இல்லன்னா வீடியோ ஆரம்பத்துலயே பத்திரிகைய காட்டியிருப்பாங்க. கார் பிளேயர், பழைய டிவி சிலதுல தமிழ் எழுத்து கட்டம் கட்டமா தெரியும், அதுல போட்டு பாக்கணும்னா இங்கிலீஷ் எழுத்துலயே பேரு வைங்க.

கூடவே ஒரு வேலை. வீட்ல பெரியவங்க யாராச்சும் இருந்தா அவங்கள பக்கத்துல உக்கார வெச்சு வீடியோவ ஓட்டி, இது யாரு, எந்த ஊரு, நமக்கு என்ன மொறைன்னு கேட்டு எந்த நிமிசத்துல யாருன்னு எழுதி அதே ஃபோல்டர்ல வைங்க. வீடியோவ எப்ப வேணா மாத்திக்கலாம், இதை கேக்க ஆளு எப்பவும் இருக்க மாட்டாங்க. பந்தி சீன்ல நிறுத்தி நிறுத்தி கேளுங்க, அதுல தான் மொத்த சாதிசனமும் இருக்கும்.

அனுப்புறதும் வெக்கிறதும்

வாட்ஸ்அப்ல வீடியோவா அனுப்புனா அது மறுபடி அமுக்கி கெடுத்துரும். டாக்குமென்ட்டா அனுப்புங்க, 2 ஜிபி வரைக்கும் அப்படியே போகும். யூடியூப்ல பிரைவேட்டா போடலாம், ஆனா ஸ்டுடியோக்காரங்க வீடியோ முழுக்க சினிமா பாட்டு போட்டிருப்பாங்க, பிரைவேட்டா இருந்தாலும் யூடியூப் அந்த பாட்ட கண்டுபிடிச்சிரும், சத்தத்த நிறுத்தவோ வீடியோவ தடுக்கவோ வாய்ப்பு இருக்கு, அதனால யூடியூப்ப மட்டும் நம்பி வெக்காதீங்க. இன்னொண்ணு, அங்க 50 ஃபிரேம் ஓடணும்னா உயரம் 720 இல்ல அதுக்கு மேல இருக்கணும், அதுக்கு மட்டும் 4:3 வீடியோன்னா 960க்கு 720ல, 16:9ன்னா 1280க்கு 720ல தனியா ஒரு காப்பி எடுத்து ஏத்துங்க.

ஐஎஸ்ஓவும் எம்பி4-உம் ரெண்டு ஹார்ட் டிஸ்க்ல இருக்கணும், ஒண்ணு உங்க வீட்ல, இன்னொண்ணு வேற ஊர்ல இருக்குற அண்ணன் தங்கச்சி வீட்ல. எம்பி4 மட்டும் கூகுள் டிரைவ்லயோ வேற எதுலயோ ஏத்தி வெச்சா மூணாவது காப்பி ஆச்சு, கூகுள்ல 15 ஜிபி வரைக்கும் காசு இல்ல. பென்டிரைவ் ஆள் கைல குடுத்து பாக்க சரி, வருசக்கணக்கா வெக்கிறதுக்கு சரி வராது. பழைய டிஸ்க்க தூக்கிப் போட்டுறாதீங்க, பரண்ல இருந்து எறக்கி பீரோவுல வெயில் படாம நிக்க வைங்க. ஹார்ட் டிஸ்க்க வருசத்துக்கு ஒரு தடவையாச்சும், சித்திரைத் திருவிழாவுக்கு எல்லாரும் ஊருக்கு வரும்போது, மாட்டி அங்கங்க நாலஞ்சு ஃபைல திறந்து பாருங்க, ஏதாச்சும் திறக்கலைன்னா அடுத்த காப்பில இருந்து அன்னைக்கே எடுத்து போட்டுருங்க.